வளையத்துக்கு வெளியே ஒரு கேலக்ஸி

2019 ஏப்ரல் 10ஆம் தேதி வெளியான அந்தப் படத்தை நீங்களும் பார்த்திருப்பீர்கள். கறுப்புப் பின்னணியில் ஆரஞ்சு வளையம், நடுவே இருட்டு. கருந்துளை ஒன்றின் நிழலை மனிதர்கள் முதல்முறையாகப் படம் பிடித்தது அப்போதுதான். செய்தித்தாள்களின் முதல் பக்கத்தில் வந்தது, வாட்ஸ்அப்பில் சுற்றியது. அன்று முதல் நான் எம் 87 என்று பேச்சை எடுத்தாலே, "அந்தக் கருந்துளைதானே?" என்று கேட்கிறார்கள்.

எம் 87 கேலக்ஸியின் பெயர். பல லட்சம் கோடி நட்சத்திரங்கள் கொண்ட, நம் பால்வீதியைச் சின்னதாகக் காட்டிவிடுகிற ஒரு நீள்வட்ட கேலக்ஸி. கன்னி ராசித் திசையில், சுமார் 5.5 கோடி ஒளியாண்டு தொலைவில், ஆயிரத்துக்கும் மேற்பட்ட கேலக்ஸிகள் சேர்ந்திருக்கும் கன்னிக் கூட்டத்தின் நடுவில் அது இருக்கிறது. படத்தில் வந்த கருந்துளை அதன் மையத்திலுள்ள ஒரு புள்ளி.

எனக்குப் பிரியம் அந்தப் புள்ளியைச் சுற்றி இருப்பவற்றின் மேல்தான். ஒரு கேலக்ஸி எப்படிப்பட்டதாக ஆகும் என்பதில் அது வாழும் இடத்துக்கு எவ்வளவு பங்கு இருக்கிறது என்பது எம் 87ஐப் பற்றிப் படிக்கப் படிக்கத்தான் எனக்குப் புரிந்தது. வளையத்தின் புகழில் இந்தக் கதை மறைந்துபோவது எனக்கு வருத்தம். அதனால் இந்த நீண்ட பதிவு.

முதலில், அது எங்கே இருக்கிறது என்று பார்த்துவிடலாம். ஏனென்றால் இந்த விஷயத்தில் நாம் கொடுத்துவைத்தவர்கள். வான நடுக்கோட்டுக்கு வடக்கே 12 டிகிரி சொச்சத்தில் எம் 87 இருக்கிறது. சென்னையின் அட்சரேகை 13, புதுச்சேரியுடையது 12க்குச் சற்றுக் குறைவு, சவ்வாது மலையில் வைணு பாப்பு வானாய்வகம் இருக்கும் காவலூர் பன்னிரண்டரை. அதாவது எம் 87 நம் உச்சந்தலைக்கு நேர் மேலாகக் கடந்து போகிறது. தலைக்கு நேர் மேலே பார்க்கும்போதுதான் காற்று மண்டலத்தின் தடிமன் மிகக் குறைவு. பாரிஸில் இருந்து இதைக் கண்டுபிடித்த சார்ல் மெஸ்ஸியேவுக்குக்கூட அந்த வசதி இல்லை. அவர் ஊரில் அது 53 டிகிரி உயரத்துக்கு மேல் ஏறாது.

ஏப்ரல் கடைசியில் இரவு பத்து மணிவாக்கில் மேலே பாருங்கள். சிம்ம ராசியின் வால் நுனியில் இருப்பது உத்திரம் நட்சத்திரம். அதிலிருந்து கிழக்கே கன்னி ராசியில் விண்டெமியாட்ரிக்ஸ் என்றொரு நட்சத்திரம். இரண்டையும் ஒரு கோட்டால் இணைத்தால், ஏறக்குறைய நடுவில் எம் 87. வெறும் கண்ணுக்குத் தெரியாது. நல்ல இருட்டான இடத்தில் பைனாகுலரிலேயே மங்கலாகப் பிடிபடும்.

சவ்வாது மலைப் பக்கம், நிலா இல்லாத ஓர் இரவில், நண்பர் ஒருவரின் எட்டு அங்குலத் தொலைநோக்கியில் நான் அதைப் பார்த்திருக்கிறேன். நடுவில் கொஞ்சம் வெளிச்சம், விளிம்பு எங்கே முடிகிறது என்று சொல்ல முடியாத ஒரு வட்ட மங்கல். சுருள் கைகள், தூசுப் பட்டைகள் எதுவும் இல்லை. புகைப்படங்களில் சுருள் கேலக்ஸிகளைப் பார்த்துப் பழகிய கண்ணுக்கு முதல் பார்வையில் ஏமாற்றமாக இருக்கலாம். ஆனால் தொலைநோக்கியைக் கொஞ்சம் மேற்கே நகர்த்தினால் எம் 84, எம் 86 இரண்டும் ஒரே பார்வையில் வந்து நிற்கும். இன்னும் நகர்த்தினால் இன்னும் சில. நட்சத்திரங்கள் குறைவாக இருக்கும் அந்தப் பகுதி முழுக்க இப்படி மங்கல்கள். ஒரு கூட்டத்துக்குள் எட்டிப் பார்க்கிறோம் என்ற உணர்வு அப்போதுதான் வரும்.

மெஸ்ஸியேவுக்கும் அது வந்தது. அவர் வால்நட்சத்திரம் தேடுபவர். வால்நட்சத்திரம் என்று தவறாக நினைக்கக்கூடிய மங்கல்களை எண் போட்டுப் பட்டியலிட்டு வைத்தார். 1781 மார்ச் 18 இரவில் மட்டும் இந்தப் பகுதியில் 84 முதல் 91 வரை எட்டு மங்கல்களைப் பதிவு செய்தார். 91ஆவது குறிப்பில், கன்னி ராசியின் வட பக்கம்தான் இத்தகைய மங்கல்கள் மிக அதிகமாக உள்ள பகுதிகளில் ஒன்று என்று தனியாக எழுதிவைத்தார். அதற்கு ஐந்து நாள் முன்பு, இங்கிலாந்தில் வில்லியம் ஹெர்ஷல் யுரேனஸைக் கண்டிருந்தார். சூரியக் குடும்பத்தின் எல்லை விரிந்த அதே வாரத்தில் இன்னொருவர் ஒரு கேலக்ஸிக் கூட்டத்தையே பட்டியல் போட்டிருக்கிறார். கேலக்ஸி என்றால் என்ன என்று யாருக்கும் தெரியாத காலம் அது.

நீள்வட்ட கேலக்ஸி என்பது என்ன? நம் பால்வீதியில் பெரும்பாலான நட்சத்திரங்கள் ஒரு தட்டையான தளத்தில், ஒரே திசையில் சுற்றுகின்றன. அந்தத் தளத்தில் வாயுவும் தூசியும் நிறைய. அதிலிருந்து புது நட்சத்திரங்கள் பிறந்துகொண்டே இருக்கின்றன. புதிதாய்ப் பிறந்தவற்றில் பெரியவை நீல நிறத்தில் எரியும். சுருள் கைகள் அவ்வளவு எடுப்பாகத் தெரிவதற்கு அவைதான் காரணம். எம் 87இல் இது எதுவும் இல்லை. ஒவ்வொரு நட்சத்திரமும் தனக்கென்று ஒரு சாய்வில், ஒரு திசையில், மையத்தை நெருங்கியும் விலகியும் போய்வருகிறது. எல்லாப் பாதைகளையும் சேர்த்துப் பார்த்தால் கிடைப்பது ஏறத்தாழ ஒரு உருண்டை. நட்சத்திரங்களில் பெரும்பாலானவை 1,000 கோடி ஆண்டு வயதான, மஞ்சளும் சிவப்புமான கிழங்கள். நட்சத்திரம் உண்டாக்கும் வேலையை எம் 87 எப்போதோ நிறுத்திவிட்டது.

எட்வின் ஹப்பிள் 1926இல் கேலக்ஸிகளை வகைப்படுத்தியபோது நீள்வட்டங்களை ஒரு பக்கமும் சுருள்களை மறுபக்கமும் வைத்தார். எந்த வகை எங்கே அதிகம் என்பதை அழுத்தமாகக் காட்டியவர் ஆலன் டிரெஸ்லர். 55 கேலக்ஸிக் கூட்டங்களில் சுமார் 6,000 கேலக்ஸிகளை ஆராய்ந்து 1980இல் அவர் எழுதிய கட்டுரை, எனக்குத் தெரிந்தவரை இந்தத் துறையின் மிக அழகான முடிவுகளில் ஒன்று. நெருக்கம் குறைந்த வெளியில் பெரும்பான்மை சுருள்கள். கூட்டத்தின் மையத்தை நெருங்க நெருங்கச் சுருள்கள் குறைந்து, நீள்வட்டங்களும், கையில்லாத வெறும் தட்டு வடிவக் கேலக்ஸிகளும் பெருகுகின்றன. நெருக்கத்தை அளந்தால் வடிவத்தை ஊகித்துவிடலாம் என்கிற அளவுக்கு இது சீராக நடக்கிறது.

ஏன் அப்படி? இங்கேதான் ஒரு தமிழர் வருகிறார். இழுத்துப் பிடித்துக் கொண்டுவரவில்லை. அவர் இல்லாமல் இந்தக் கதையைச் சொல்லவே முடியாது.

சுப்பிரமணியன் சந்திரசேகர் என்றால் நமக்கு வெள்ளைக் குறுமீன்களின் எடை வரம்புதான் ஞாபகம் வரும். சென்னை மாநிலக் கல்லூரியில் படித்து முடித்து 1930இல் கப்பலேறிய பத்தொன்பது வயதுப் பையன் வழியிலேயே கணக்குப் போட்டான் என்ற கதையை எல்லோரும் சொல்வார்கள். ஆனால் அவர் ஒரு துறையில் சில ஆண்டுகள் முழுமூச்சாக உழைத்து, ஒரு புத்தகம் எழுதி முடித்துவிட்டு, அடுத்த துறைக்குப் போகிறவர். 1940களின் தொடக்கத்தில், சிகாகோ பல்கலைக்கழகத்தின் யெர்க்ஸ் வானாய்வகத்தில் இருந்தபோது, நட்சத்திரக் கூட்டங்களுக்குள் நட்சத்திரங்கள் எப்படி ஒன்றையொன்று பாதிக்கின்றன என்று ஆராய்ந்தார். 1943இல் 'இயக்க உராய்வு' பற்றிய கட்டுரைகளை வெளியிட்டார்.

விஷயம் இதுதான். எடை மிகுந்த ஒரு பொருள் நட்சத்திரங்களின் நடுவே ஓடுகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். எதன் மீதும் அது மோதவில்லை. ஆனால் அதன் ஈர்ப்பு சுற்றியுள்ள நட்சத்திரங்களைத் தன் பக்கம் இழுக்கிறது. அவை இழுபட்டு வந்து சேர்வதற்குள் அந்தப் பொருள் முன்னால் போய்விடுகிறது. ஆகவே அதன் முதுகுக்குப் பின்னால் நட்சத்திரங்களின் அடர்த்தி கொஞ்சம் கூடிவிடுகிறது. அந்தக் கூடுதல் அடர்த்தியின் ஈர்ப்பு அதைப் பின்னால் இழுக்கிறது. எதையும் தொடாமலேயே வேகம் குறைகிறது. ஓடுகிற பொருளின் எடை இரண்டு மடங்கானால் பின்னிழுக்கும் விசை நான்கு மடங்காகிறது. எனவே பெரியவைதான் சீக்கிரம் தளர்ந்து உள்நோக்கி இறங்கும்.

சந்திரசேகர் இதைத் தனி நட்சத்திரங்களுக்காக எழுதினார். முப்பது ஆண்டுகள் கழித்து ஜெரமையா ஆஸ்ட்ரைக்கர், ஸ்காட் டிரமெய்ன் போன்றவர்கள் இதே கணக்கைக் கேலக்ஸிகளுக்குப் போட்டுப் பார்த்தார்கள். ஒரு கூட்டத்தின் நடுவிலிருக்கும் பெரிய கேலக்ஸியைச் சுற்றிவரும் சிறியவை, காலப்போக்கில் வேகமிழந்து, சுருண்டு இறங்கி, நடுவில் இருப்பதற்குள் கரைந்துபோகும். நடுவில் இருப்பது இன்னும் பெருக்கும். பெருத்தால் இன்னும் வலுவாக இழுக்கும். எம் 87 இப்படித்தான் எம் 87 ஆனது.

ஒன்றைச் சேர்த்துச் சொல்லவேண்டும். இன்றைய கன்னிக் கூட்டத்தில் கேலக்ஸிகள் ஒன்றுக்கொன்று வினாடிக்கு நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் வேகத்தில் பறக்கின்றன. அந்த வேகத்தில் இரண்டு பெரிய கேலக்ஸிகள் சந்தித்தால் ஒன்றையொன்று கலைத்துவிட்டுக் கடந்து போகவே வாய்ப்பு அதிகம். இணைவுகளில் பெரும்பகுதி, இந்தக் கூட்டம் சின்னச் சின்னக் குழுக்களாக இருந்த காலத்திலேயே நடந்திருக்கவேண்டும். எம் 87இன் மையத்திலிருக்கும் அடர்த்தியான பகுதி 1,000 கோடி ஆண்டுக்கு முன்பே உருவாகிவிட்டது. அதைச் சுற்றிப் பரந்திருக்கும் மங்கலான மேல்பகுதி, பிறகு விழுங்கிய சிறிய கேலக்ஸிகளால் வந்தது. வானியலாளர்கள் இப்போது பெரும்பாலும் ஏற்றுக்கொள்ளும் கதை இது.

விழுங்கியதற்குத் தடயம் வேண்டுமே என்று கேட்பீர்கள். நிறைய இருக்கிறது. நம் பால்வீதியைச் சுற்றி லட்சக்கணக்கான பழைய நட்சத்திரங்கள் உருண்டையாகக் கூடிய கோளக் கொத்துகள் சுமார் 150 இருக்கின்றன. எம் 87ஐச் சுற்றி 12,000க்கும் மேல். பறிகொடுத்த கேலக்ஸிகள் போனாலும் அவற்றின் கொத்துகள் மிச்சம். அதில் ஒன்று கூட்டத்தை விட்டே வெளியேறும் வேகத்தில் நம் திசையில் பறந்துகொண்டிருப்பதாக 2014இல் கண்டார்கள். வினாடிக்கு ஆயிரம் கிலோமீட்டருக்கு மேல் வேகம். ஒரு முழுக் கோளக் கொத்தையே தூக்கியெறிய எப்படிப்பட்ட ஈர்ப்பு விளையாட்டு நடந்திருக்கவேண்டும்!

2015இல் வந்த இன்னொரு ஆய்வு எனக்கு மிகவும் பிடித்தது. சூரியனைப் போன்ற நட்சத்திரங்கள் சாகும் தறுவாயில் வாயு ஓட்டை உதிர்க்கும். அந்த ஓடு குறிப்பிட்ட ஒரு பச்சை நிறத்தில் ஒளிர்வதால், கோடிக்கணக்கான ஒளியாண்டுக்கு அப்பாலும் தனித்தனியாக அடையாளம் காணலாம். எம் 87இன் வெளிப்புறத்தில் அப்படி 300 நட்சத்திரங்களின் வேகத்தை சிலியில் உள்ள ஐரோப்பியத் தொலைநோக்கியால் அளந்தார்கள். அவற்றில் ஒரு பகுதி, மற்றவற்றோடு கலக்காமல் ஒரே ஒழுங்கில் நகர்ந்துகொண்டிருந்தது. கடந்த 100 கோடி ஆண்டுகளுக்குள் எம் 87 ஒரு நடுத்தர அளவுச் சுருள் கேலக்ஸியை விழுங்கியிருக்கிறது. அதன் நட்சத்திரங்கள் தங்கள் பழைய ஓட்டத்தை இன்னும் முழுக்க மறக்கவில்லை. தொலைநோக்கியில் சலனமற்ற மங்கலாகத் தெரிந்த அதே கேலக்ஸிதான் இது.

சரி, இவ்வளவு சாப்பிட்ட கேலக்ஸியில் புது நட்சத்திரம் ஏன் பிறக்கவில்லை? நான் இந்தப் பதிவை எழுத உட்கார்ந்ததே இந்தக் கேள்விக்காகத்தான்.

மூலப்பொருள் இல்லாமல் இல்லை. கன்னிக் கூட்டம் முழுவதும், கேலக்ஸிகளுக்கு இடையிலான வெற்றிடம் என்று நாம் நினைக்கும் இடத்தில், 2 முதல் 3 கோடி டிகிரி வெப்பத்தில் வாயு நிரம்பியிருக்கிறது. அவ்வளவு வெப்பமான வாயு கண்ணுக்குத் தெரியும் ஒளியை அல்ல, எக்ஸ்ரேயை வெளியிடும். காற்று மண்டலம் எக்ஸ்ரேயைத் தடுத்துவிடுவதால், தரையிலிருந்து எத்தனை பெரிய தொலைநோக்கி வைத்தாலும் அது தெரியாது. 1970இல் கென்யக் கடற்கரைக்கு அப்பாலிருந்து ஏவப்பட்ட உஹுரு செயற்கைக்கோள் காலத்தில்தான் கேலக்ஸிக் கூட்டங்கள் இப்படி எக்ஸ்ரேயில் ஒளிர்கின்றன என்பது தெளிவானது. 1999இல் இன்னும் கூர்மையான கண் ஒன்று மேலே போனது. அதற்குச் சந்திரசேகரின் நினைவாகச் சந்திரா என்று பெயர் வைத்தார்கள். எம் 87 எப்படி வளர்ந்தது என்பதை விளக்கும் கணக்கும் அவருடையது. அது ஏன் வளராமல் நிற்கிறது என்பதைக் காட்டிய கருவியின் பெயரும் அவருடையது.

எக்ஸ்ரேயாக ஆற்றலை இழக்கும் வாயு குளிரவேண்டும். நடுவில் வாயு அடர்த்தி அதிகம் என்பதால் அங்கே வேகமாகவே குளிரும். குளிர்ந்தால் சுருங்கி, மையத்தை நோக்கி இறங்கி, நட்சத்திரங்களாக மாறவேண்டும். கணக்குப்படி எம் 87இன் நடுவில் ஆண்டுக்குப் பத்து சூரியன் எடையளவாவது இப்படி இறங்கியிருக்கவேண்டும். அது 1,000 கோடி ஆண்டு நடந்திருந்தால் அங்கே நீல நட்சத்திரங்கள் குவிந்து கிடக்கும். ஒன்றும் இல்லை. ஏதோ ஒன்று வாயுவைத் திரும்பத் திரும்பச் சூடாக்குகிறது.

அந்த ஏதோ ஒன்றின் தடத்தை முதலில் பார்த்தவர் ஹீபர் கர்ட்டிஸ். கலிஃபோர்னியாவின் லிக் வானாய்வகத்தில் எடுத்த புகைப்படங்களை வைத்து 1918இல் அவர் எழுதிய குறிப்பில், எம் 87இன் மையத்திலிருந்து மெல்லிய பொருளால் ஆன நேர்கோடு ஒன்று நீட்டிக்கொண்டிருப்பதைச் சொல்லியிருந்தார். அதற்கு மேல் யாராலும் எதுவும் சொல்ல முடியவில்லை. 1949இல் ஜான் போல்ட்டன், கோர்டன் ஸ்டான்லி, புரூஸ் ஸ்லீ மூவரும் ஆஸ்திரேலியாவில் சிட்னி அருகே டோவர் ஹைட்ஸ் குன்றின் விளிம்பில் ஆன்டெனா வைத்து, நேராக வரும் ரேடியோ அலையையும் கடலில் பட்டுத் தெறித்து வரும் அலையையும் சேர்த்து அளந்தார்கள். கன்னி ராசியிலிருந்து வந்த வலுவான ரேடியோ அலையின் இருப்பிடம் எம் 87ஓடு பொருந்தியது. அவ்வளவு தொலைவிலிருந்து இவ்வளவு வலுவாக வருமா என்று அவர்களுக்கே தயக்கம். கட்டுரைத் தலைப்பில் அதை நம் கேலக்ஸிக்குள்ளிருந்து வரும் அலை என்பது போலவே எழுதியிருந்தார்கள். 1956இல் வால்டர் பாடே அந்த நேர்கோட்டின் ஒளி முனைவுற்றிருப்பதைக் காட்டினார். சோவியத் வானியலாளர் ஷ்க்லோவ்ஸ்கி சொன்னதுபோலவே, ஏறக்குறைய ஒளியின் வேகத்தில் போகும் எலக்ட்ரான்கள் காந்தப்புலத்தில் சுழன்றுகொண்டே விடும் ஒளி அது.

மையத்துக் கருந்துளையின் அருகிலிருந்து பாயும் அதை இன்று தாரை என்கிறோம். கண்ணுக்குத் தெரியும் ஒளியில் சுமார் 5,000 ஒளியாண்டு நீளம். 1999இல் ஹப்பிள் தொலைநோக்கி அதிலுள்ள முடிச்சுகள் ஒளியைவிட ஆறு மடங்கு வேகமாக நகர்வதுபோல் காட்டியது. ஐன்ஸ்டைன் விதி உடையவில்லை. தாரை ஏறத்தாழ நம்மை நோக்கியே சாய்ந்திருக்கிறது. முடிச்சு, தான் வெளியிட்ட ஒளியைத் துரத்திக்கொண்டே வருகிறது. எனவே பல ஆண்டுகளில் கிளம்பிய ஒளிகள் சில ஆண்டு இடைவெளிக்குள்ளேயே நம்மிடம் வந்து சேர்ந்து, முடிச்சு தாவுவதாகத் தோன்றுகிறது.

தாரை வாயுவுக்குள் பாய்ந்து முடியும் இடத்தில்தான் முக்கியமான வேலை நடக்கிறது. 2000இல் நியூ மெக்சிகோவின் வி.எல்.ஏ. ரேடியோத் தொலைநோக்கி நீண்ட அலைகளில் எடுத்த படத்தில், எம் 87ஐச் சுற்றி இரண்டரை லட்சம் ஒளியாண்டு அகலத்துக்குக் குமிழிகள் தெரிந்தன. தாரை ஊதிய குமிழிகள் வாயுவைத் தள்ளிக்கொண்டு மேலே மிதந்து ஏறுகின்றன. சந்திரா எடுத்த படத்தில் மையத்திலிருந்து சுமார் 45,000 ஒளியாண்டு தூரத்தில் ஒரு வட்ட விளிம்பு தெரிகிறது. 1.2 கோடி ஆண்டுகளுக்கு முன்பு நடந்த பெரும் வெடிப்பு ஒன்றின் அதிர்வு இன்னும் வெளிநோக்கிப் போய்க்கொண்டிருக்கிறது.

ஆக, நடப்பது இது: வாயு குளிர்கிறது; கொஞ்சம் மையத்துக்கு இறங்குகிறது; கருந்துளைக்குத் தீனி கிடைக்கிறது; தாரை பலமாகப் பாய்கிறது; வாயு சூடேறுகிறது; இறங்குவது நிற்கிறது; தாரை தணிகிறது; மறுபடியும் குளிர்கிறது. விறகடுப்பில் தணல் மங்கியதும் விறகைத் தள்ளிவிடுகிறோமே, அதுபோல. ஒரே வித்தியாசம், இங்கே தள்ளிவிட ஆளில்லை. குளிர்வதே விறகை உள்ளே தள்ளுகிறது. பல நூறு கோடி ஆண்டுகளாக எம் 87இன் நடுவாயு நட்சத்திரமாகாமல் இப்படித்தான் காக்கப்படுகிறது. 'செத்த கேலக்ஸி' என்று நீள்வட்டங்களைச் சிலர் சொல்லும்போது எனக்கு ஒப்புக்கொள்ளத் தோன்றுவதில்லை. ஓயாமல் நடக்கும் ஒரு வேலையின் விளைவுதான் அந்த அமைதி.

அளவை மட்டும் கொஞ்சம் நினைத்துப் பாருங்கள். அந்தக் கருந்துளையின் எடை 650 கோடி சூரியன். அதன் எல்லையின் ஆரம், சூரியனிலிருந்து புளூட்டோவுக்குள்ள தூரத்தைப்போல் மூன்று மடங்குக்குச் சற்று அதிகம். அவ்வளவுதான். அத்தனை சிறிய இடம் லட்சம் ஒளியாண்டுக்கு அப்பாலுள்ள வாயுவின் விதியைத் தீர்மானிக்கிறது.

650 கோடி என்ற எண் சுலபமாகக் கிடைக்கவில்லை. 1978இல் மையத்தருகே நட்சத்திரங்களின் வேகத்தை வைத்து 500 கோடி சூரியன் என்றார்கள். 1994இல் ஹப்பிள், மையத்தைச் சுற்றும் வாயுத் தட்டை அளந்தபோது அதில் பாதிதான் வந்தது. பிறகு 2011இல் நட்சத்திரக் கணக்கு 660 கோடி என்றது. 2013இல் வாயுக் கணக்கு 350 கோடி என்றது. இரண்டு தரப்பும் கவனமாக உழைத்தவர்கள். அந்த ஆரஞ்சு வளையம் இந்த வழக்கில் வந்த தீர்ப்பும்கூட. கருந்துளை எவ்வளவு கனமோ அவ்வளவு பெரிதாக வளையம் இருக்கவேண்டும். வாயுக் கணக்கு சரியென்றால் வளையம் பாதி அளவுதான் இருந்திருக்கும். 2017 ஏப்ரலில் சிலி, மெக்சிகோ, அரிசோனா, ஹவாய், ஸ்பெயின் ஆகிய இடங்களிலிருந்த தொலைநோக்கிகள் சேர்ந்து 1.3 மில்லிமீட்டர் அலையில் அதைப் பார்த்தன. தென்துருவத் தொலைநோக்கியும் அந்த அணியில் உண்டு, ஆனால் அங்கே எம் 87 அடிவானத்துக்கு மேல் வருவதே இல்லை. வளையத்தின் கோண அளவு ஒரு டிகிரியின் 3,600இல் ஒரு பங்கை எடுத்து, அதைப் பத்து லட்சமாகப் பிரித்தால் கிடைப்பதில் 42 பங்கு. நட்சத்திரக் கணக்கே வென்றது. 2018இல் மீண்டும் எடுத்த தரவிலும் வளையம் அதே அளவில் இருந்தது, வெளிச்சமான பகுதி மட்டும் 30 டிகிரி இடம் மாறியிருந்தது.

கூட்டத்துக்குத் திரும்புவோம். அங்கே பாதிக்கப்படுவது எம் 87 மட்டும் இல்லை. அந்தச் சூடான வாயுவுக்குள் வேகமாக நுழையும் சுருள் கேலக்ஸி எதுவானாலும், எதிர்க்காற்று அதன் குளிர்ந்த வாயுவைப் பிடுங்கிவிடுகிறது. 1972இல் கன், காட் என்ற இரு வானியலாளர்கள் இதைக் கணக்காகச் சொன்னார்கள். மெஸ்ஸியே அதே இரவில் எண் போட்ட எம் 90ஐப் பாருங்கள். சுருள் வடிவம் இருக்கிறது, வாயு பெரும்பாலும் போய்விட்டது. நட்சத்திரப் பிறப்பு அதன் நடுப்பகுதியோடு சுருங்கிவிட்டது. எம் 86 கூட்டத்தின் பின்புறத்திலிருந்து நம் திசையில் விழுந்துகொண்டிருக்கிறது. எக்ஸ்ரேயில் அதற்குப் பின்னால் வாயு நீளமாக இழுபடுகிறது. பிரபஞ்சம் விரிவதால் கேலக்ஸிகள் நம்மை விட்டு விலகுவதே வழக்கம். இந்த இரண்டும் நம்மை நெருங்குகின்றன என்பதே கூட்டத்தின் ஈர்ப்பு எவ்வளவு பெரிது என்பதற்குச் சாட்சி. 1936இலேயே சின்க்ளேர் ஸ்மித் இந்த வேகங்களை வைத்துக் கன்னிக் கூட்டத்தின் எடையைக் கணக்கிட்டு, கண்ணுக்குத் தெரியும் நட்சத்திரங்களின் எடை போதவே போதாது என்று எழுதினார். கண்ணுக்குத் தெரியாத கரும்பொருள் பற்றிய பேச்சில் வானியலாளர் ஸ்விக்கியின் பெயர் வரும் இடத்தில் எல்லாம் ஸ்மித்தின் பெயரும் வரவேண்டும் என்பது என் ஆசை.

இன்னும் தீராத ஒரு கேள்வி இருக்கிறது. தாரை பாய்வது இரண்டு எதிரெதிர்த் திசைகளில் மட்டும். வாயுவோ நாலாபுறமும் இருக்கிறது. பக்கவாட்டில் இருக்கும் வாயுவுக்குச் சூடு எப்படிப் போய்ச் சேர்கிறது? ஒலியலைகளா, கொந்தளிப்பா, மெல்லிய அதிர்ச்சி அலைகளா, எல்லாம் கலந்தா? 2016இல் ஜப்பானின் ஹிட்டோமி செயற்கைக்கோள் பழுதாவதற்கு முன் கேலக்ஸிக் கூட்டங்களில் பெர்சியஸை மட்டும் பார்த்துவிட்டுப் போனது. அங்கே நடுவிலிருந்த வாயுவின் கொந்தளிப்பு வினாடிக்கு 164 கிலோமீட்டர்தான். பலரும் எதிர்பார்த்ததைவிட அமைதி. அதன் வாரிசான எக்ஸ்ரிஸம் 2023 செப்டம்பரில் ஏவப்பட்டது. கேலக்ஸிக் கூட்டங்களில் வாயு எவ்வளவு வேகத்தில் அலைகிறது என்பதை அதே நுட்பத்தோடு அளக்கக்கூடியது. அதன் முடிவுகளைத்தான் நான் இப்போது ஒன்றுவிடாமல் படித்துக்கொண்டிருக்கிறேன்.